பத்துக் கோப்பைகளின் கணக்கு

கல்லூரிக் கால்பந்து அணிக்கு ஒரு பிறவிக் குறை உண்டு. ஆண்டுதோறும் அது கலைந்துபோகும். படிப்பு நான்கு ஆண்டு. முடிந்ததும் பட்டத்தை வாங்கிக்கொண்டு கிளம்பிவிட வேண்டியதுதான், எவ்வளவு பெரிய ஆட்டக்காரராக இருந்தாலும். தொழில்முறைக் கிளப் ஒரு நல்ல ஆட்டக்காரரைப் பத்து ஆண்டுகள் பிடித்து வைத்துக்கொள்ளும். கல்லூரிக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. நான்கு ஆண்டுக்குள் அணியே முழுசாக ஆள் மாறிவிடும். இப்படிப்பட்ட அணி எப்போதாவது ஒரு கோப்பையைத் தட்டிக்கொண்டு வரலாம். தலைமுறை தலைமுறையாக வென்றுகொண்டே இருக்க நியாயமில்லை.

ஆனால் ஒரு பல்கலைக்கழகம் வென்றுகொண்டே இருந்தது. அமெரிக்காவின் மிசூரி மாநிலத்தில், மிசிசிப்பி ஆற்றங்கரையில் இருக்கிறது செயின்ட் லூயிஸ் நகரம். அங்குள்ள செயின்ட் லூயிஸ் பல்கலைக்கழகத்தின் ஆண்கள் கால்பந்து அணி, 1959 முதல் 1974 வரை நடந்த 16 தேசியப் போட்டிகளில் 13 முறை இறுதியாட்டத்துக்கு வந்தது. அதில் 10 முறை கோப்பை. அந்தப் பதினாறு ஆண்டுகளில் ஆட்டக்காரர்கள் நான்கு சுற்று மாறிவிட்டார்கள்; நடுவில் பயிற்சியாளரும் மாறினார். முடிவு மட்டும் மாறவில்லை. அதற்குப் பிறகு அரை நூற்றாண்டு ஓடிவிட்டது. பத்துக் கோப்பை என்ற அந்த எண்ணை வேறெந்த அமெரிக்கப் பல்கலைக்கழகமும் இன்னும் தொடவில்லை.

தொடக்கமே வேடிக்கையானது. 1958இல் அது மாணவர்கள் கூடி ஆடிய ஒரு கிளப் அணி. பாப் கெல்கர் என்பவர் பயிற்சியாளர். அடுத்த ஆண்டுதான் பல்கலைக்கழகத்தின் அதிகாரபூர்வ அணி ஆனது. அதே 1959இல், அமெரிக்கக் கல்லூரி விளையாட்டுகளை நடத்தும் தேசிய அமைப்பான என்.சி.ஏ.ஏ. தன் முதல் கால்பந்துப் போட்டியை நடத்தியது. எட்டு அணிகள். கனெக்டிகட் மாநிலத்தில் ஸ்டோர்ஸ் என்ற ஊரில் இறுதியாட்டம். பிரிட்ஜ்போர்ட் பல்கலைக்கழகத்தை 5-2 என்று வீழ்த்தி செயின்ட் லூயிஸ் கோப்பையை எடுத்துக்கொண்டது. அணி பிறந்த ஆண்டே போட்டியும் பிறந்தது. பிறந்த ஆண்டே பட்டம். 1960இல் மறுபடியும் கோப்பை. 1961இல் வெஸ்ட் செஸ்டர் அணியிடம் இறுதியில் தோல்வி. 1962, 1963, 1965 என்று மீண்டும் கோப்பைகள்.

இது எவ்வளவு அரிய காரியம் என்று தெரிய வேண்டுமானால், கால்பந்தின் கஞ்சத்தனத்தைப் புரிந்துகொள்ள வேண்டும். கூடைப்பந்தில் ஓர் ஆட்டத்துக்கு நூற்றுக்கும் மேல் புள்ளிகள் விழும். ஒன்றிரண்டு அதிர்ஷ்டப் புள்ளிகள் அந்தக் கூட்டத்தில் கரைந்துபோகும். திறமை கடைசியில் மேலே வந்துவிடும். கால்பந்தில் மொத்தமே இரண்டு மூன்று கோல்தான். ஒரு பந்து கம்பத்தில் பட்டு உள்ளே போனாலும் போச்சு, வெளியே போனாலும் போச்சு. நல்ல அணி தோற்பதற்கு இந்த விளையாட்டில் எப்போதும் ஒரு கதவு திறந்தே இருக்கிறது.

அந்தக் கதவின் அகலத்தை அளக்கவே முடியும். அபூர்வமாக, ஒன்றோடொன்று தொடர்பில்லாமல் நிகழ்கிறவற்றைக் கணிக்க ‘பாய்சான் பரவல்’ என்ற கணக்குமுறை இருக்கிறது. சராசரியாக எத்தனை நிகழும் என்று தெரிந்தால், ஒன்றுமே நிகழாமல் போக எவ்வளவு வாய்ப்பு, ஒன்று நிகழ எவ்வளவு, இரண்டு நிகழ எவ்வளவு என்று அது பிரித்துச் சொல்லும். கோலுக்கும் ஓரளவு பொருந்தும். ஒரு அணி சராசரியாக ஆட்டத்துக்கு இரண்டு கோல் அடிக்கிறது, எதிரணி ஒன்று அடிக்கிறது என்று வைத்துக்கொள்வோம். இரு மடங்கு வலிமை. ஆனாலும் வலிய அணி வெல்ல 61 சதவீத வாய்ப்புதான். 21 சதவீதம் சமநிலை. மீதி 18 சதவீதம் தோல்வி. அதாவது எதிரியைவிட இரட்டிப்பு நன்றாக ஆடுகிறவர்களும் ஐந்தில் ஓர் ஆட்டம்போல் தோற்றுவிட்டு வீட்டுக்குப் போவார்கள்.

அடுத்த இடி, போட்டியின் அமைப்பு. தேசியப் போட்டி நாக்-அவுட் முறை: ஒருமுறை தோற்றால் வெளியே. எட்டு அணிகள் என்றால் கோப்பைக்கு மூன்று ஆட்டங்களைத் தொடர்ந்து வெல்ல வேண்டும். பதினாறு என்றால் நான்கு. சமநிலையில் பாதியை வெற்றியாக எடுத்துக்கொண்டால், நம் இரட்டிப்பு வலிமை அணிக்கு ஓர் ஆட்டத்தைத் தாண்ட ஏறத்தாழ 70 சதவீத வாய்ப்பு. நான்கு ஆட்டத்துக்கு 0.7 ஐ நான்கு முறை பெருக்க வேண்டும். வருவது 24 சதவீதம். எல்லாரையும்விட இரு மடங்கு நல்ல அணி நான்கு ஆண்டுக்கு ஒருமுறைதான் கோப்பையைப் பார்க்கும்! பதினாறு போட்டிகளில் பத்து வெல்ல அது எந்த மூலைக்கும் போதாது.

பின் எவ்வளவு வேண்டும்? இங்கே ஓர் அழகான பொருத்தம் இருக்கிறது. கெல்கர் 1959 முதல் 1966 வரை எட்டுப் பருவம் பயிற்சியாளராக இருந்தார். 95 வெற்றி, 10 தோல்வி, 5 சமநிலை. மொத்தம் 110 ஆட்டம். சமநிலையைப் பாதி வெற்றியாகக் கொண்டால் ஆட்டத்துக்கு 89 சதவீதம். இதை மூன்று முறை பெருக்கினால் 70 சதவீதம்; நான்கு முறை பெருக்கினால் 63. கெல்கர் உண்மையில் வென்றது எட்டுக்கு ஐந்து கோப்பை, அதாவது 62.5 சதவீதம். தேசியப் போட்டிக்கு வருகிற எதிரிகள் வழக்கமான எதிரிகளைவிடக் கடுமையானவர்கள் என்பதால், கணக்கின் கீழ் விளிம்பில் அவர் நிற்பதும் சரிதான். கோப்பைகளில் குருட்டு அதிர்ஷ்டம் என்று ஒன்றும் கூடுதலாக ஒட்டியிருக்கவில்லை. அந்த அணி அவ்வளவு வலியதாகவே இருந்தது. 89 சதவீதத்தை எட்ட, பாய்சான் கணக்குப்படி, எதிரணி 0.7 கோல் அடிக்கும் இடத்தில் தாங்கள் 3 கோல் அடிக்க வேண்டும். இரு மடங்கு போதாது. நான்கு மடங்குக்கு மேல் வேண்டும்.

அந்த நான்கு மடங்கு எங்கிருந்து வந்தது? ஒரு பாஸை மட்டும் எடுத்து அருகில் வைத்துப் பார்ப்போம். நடுக்களத்தில் ஒருவர் காலில் பந்து. இருபது மீட்டர் தள்ளி ஓடுகிற கூட்டாளிக்கு அனுப்ப வேண்டும். பந்து நொடிக்கு 15 மீட்டர் வேகத்தில் போனால் சேர 1.3 நொடி ஆகும். ஓடுகிறவர் நொடிக்கு 7 மீட்டர் ஓடினால் அதற்குள் 9 மீட்டர் நகர்ந்திருப்பார். ஆகவே பந்தை அவர் இருக்கும் இடத்துக்கு அடித்தால் வீண். அவர் இன்னும் போகாத, 9 மீட்டர் தள்ளியிருக்கிற வெறும் புல்தரைக்கு அடிக்க வேண்டும். அவர் வலப்பக்கம் வெட்டுவாரா, நேரே போவாரா, சட்டென்று நின்று திரும்புவாரா? பார்த்து முடிவுசெய்ய நேரமில்லை. கண்ணில் பட்டதற்கு உடல் அசையவே ஐந்தில் ஒரு நொடி போய்விடும். எனவே ஆள் இன்னார், அவர் இப்படித்தான் ஓடுவார் என்பது முன்கூட்டியே காலுக்குத் தெரிந்திருக்க வேண்டும். நல்ல பாஸ் என்பது பாதி உதை, பாதி ஆளைப் படித்த பழக்கம்.

இந்தப் பழக்கம் ஆளுக்கு ஆள் தனித்தனி. மணி ஓடுவதை ராஜா அறிவார் என்பதால், மணி ஓடுவதைச் செல்வமும் அறிவார் என்று ஆகிவிடாது. அதனால் அணியின் உண்மையான செல்வத்தை எண்ண வேண்டுமானால் ஆட்களை எண்ணக் கூடாது, இணைகளை எண்ண வேண்டும். பதினொரு பேரில் ஒவ்வொருவருக்கும் பத்துக் கூட்டாளிகள். ஒவ்வோர் இணையையும் இரண்டு முறை எண்ணாமல் பாதியாக்கினால் 55 இணைகள். அணியில் சீராக ஓட வேண்டிய நூல்கள் இந்த ஐம்பத்தைந்தும்தான்.

இப்போது கல்லூரியின் பிறவிக் குறைக்குத் திரும்புவோம். ஆண்டுக்கு நாலில் ஒரு பங்கு ஆட்கள் பட்டம் பெற்றுப் போகிறார்கள். பதினொருவரில் மூவர் என்று கொள்ளுங்கள். மிச்சம் எட்டுப் பேர். அந்த எட்டுப் பேருக்குள் இருக்கும் இணைகள் 28. அதாவது 55இல் 27 அறுந்துபோயின. கால் பங்கு ஆள் போனதற்குப் பாதி நூல் போய்விட்டது! ஒவ்வோர் ஆண்டும் கல்லூரிப் பயிற்சியாளர் பாதி அறுந்த வலையைத்தான் கையில் வாங்குகிறார். புதிதாக வருகிற மூவரும் ஆளுக்கொரு ஊரிலிருந்து வந்தால் அந்த 27 நூல்களையும் பூஜ்யத்திலிருந்து கட்ட வேண்டும். பருவமோ சில மாதங்கள்தான். கட்டி முடிப்பதற்குள் போட்டியே முடிந்துவிடும்.

செயின்ட் லூயிஸ் இந்தப் பூட்டைத் திறந்த விதம்தான் கதையின் உச்சம். புதிதாக வருகிறவர்கள் ஒருவருக்கொருவர் ஏற்கெனவே தெரிந்தவர்களாக, பழைய ஆட்டக்காரர்களுக்கும் தெரிந்தவர்களாக இருந்துவிட்டால்? அப்போது நூல் அறுவதே இல்லை. பல்கலைக்கழகம் உலகெங்கும் ஆள் தேடவில்லை. தன் ஊரிலேயே எடுத்தது. அந்த ஊரோ, கெல்கர் வருவதற்கு அரை நூற்றாண்டு முன்பிருந்தே கால்பந்து ஆடிக்கொண்டிருந்த ஊர்.

1904 ஒலிம்பிக் செயின்ட் லூயிஸில் நடந்தது. கால்பந்துக்கு வந்தவை மூன்றே அணிகள். கனடாவின் கால்ட் கிளப் ஒன்று. மற்ற இரண்டும் உள்ளூர். ஒன்று கிறிஸ்டியன் பிரதர்ஸ் கல்லூரி. இன்னொன்று புனித ரோஸ் பங்கு. பங்கு என்றால் ஒரு கத்தோலிக்கக் கோயிலைச் சுற்றியுள்ள குடும்பங்களின் திருச்சபை வட்டாரம். கால்ட் இருவரையும் 7-0, 4-0 என்று துவைத்துத் தங்கம் வாங்கியது. உள்ளூர் அணிகள் இரண்டும் வெள்ளிக்காக மோதின: 0-0, மறுபடி 0-0, மூன்றாவது ஆட்டத்தில் கல்லூரிக்கு 2-0. ஆக, புனித ரோஸ் பங்கு இளைஞர்கள் போட்டி முழுக்க ஒரு கோல்கூட அடிக்காமல் ஒலிம்பிக் வெண்கலம் வாங்கினார்கள். ஒரு கோயில் வட்டாரம் தனக்கென்று ஒரு கால்பந்து அணி வைத்து, அதை ஒலிம்பிக்குக்கும் அனுப்பியது என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது.

கோயிலோடு கடைவீதியும் சேர்ந்துகொண்டது. தேசிய சாலஞ்ச் கோப்பை அமெரிக்கக் கிளப்புகளின் பெரிய கோப்பை. அதில் ஆடிய பெரும்பாலான அணிகள் பிரிட்டனிலிருந்து குடியேறியவர்களை நம்பியிருந்தன. 1920இல் அதை வென்ற பென் மில்லர்ஸ் என்ற செயின்ட் லூயிஸ் அணியோ முழுக்க அமெரிக்காவில் பிறந்தவர்களைக் கொண்டது. பென் மில்லர் ஒரு தொப்பி நிறுவனம். பின்னாளில் சிம்ப்கின்ஸ்-ஃபோர்டு என்ற அணி 1948இலும் 1950இலும் கோப்பை வாங்கியது. அதன் புரவலர் கார் விற்பனைக்காரர். 1957இல் வென்ற கூட்டிஸ் அணிக்குப் பணம் போட்டது இறுதிச் சடங்கு நடத்தும் ஒரு நிறுவனம். அதே கூட்டிஸ், 1956 முதல் 1961 வரை ஆறு ஆண்டு தொடர்ந்து தேசிய அமெச்சூர் கோப்பையையும் விடவில்லை. 1957இல் உலகக் கோப்பைத் தகுதிச் சுற்றில் கனடாவோடு ஆட அமெரிக்காவுக்கு அணி தேவைப்பட்டபோது, இந்தக் கூட்டிஸ் அணியையே சிலரைச் சேர்த்து அப்படியே அனுப்பினார்கள். தயாராகக் கட்டப்பட்ட ஐம்பத்தைந்து நூல்களை யார்தான் அவிழ்ப்பார்கள்?

இந்த ஊரின் பலம் உலகுக்குத் தெரிந்த நாள் 1950 ஜூன் 29. பிரேசிலின் பெலோ ஹோரிசோன்டே நகரில் உலகக் கோப்பை ஆட்டம். எதிரில் இங்கிலாந்து. அமெரிக்கா 1-0 என்று வென்றது. ஹெய்ட்டியில் பிறந்த ஜோ கெய்ட்ஜென்ஸ் அந்தக் கோலை அடித்தார். களத்தில் இறங்கிய பதினொரு அமெரிக்கர்களில் ஐவர் செயின்ட் லூயிஸ்காரர்கள். அவர்களில் கோல்கீப்பர் ஃபிராங்க் போர்கி உட்பட நால்வர், ‘த ஹில்’ எனப்படும் இத்தாலியக் குடியேறிகள் பகுதியைச் சேர்ந்தவர்கள். நால்வரும் சிம்ப்கின்ஸ்-ஃபோர்டு அணியில் ஒன்றாக ஆடியவர்கள். போர்கிக்குப் பிழைப்பு பிண ஊர்தி ஓட்டுவது. ஐந்தாமவர் ஹாரி கியோ. தபால்காரர். ஐவர் என்றால் பத்து இணைகள் ஊரிலேயே கட்டப்பட்டு வந்துவிட்டன. தபால்காரரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்பி வருவார்.

இவர்களெல்லாம் வளர்ந்த நாற்றங்கால், பங்குகள். செயின்ட் லூயிஸ் கத்தோலிக்க உயர்மறைமாவட்டத்தின் இளைஞர் மன்றம், பங்குக்கு ஒரு அணி, வயதுக்கு ஒரு பிரிவு என்று சிறுவர் லீக்குகளை நடத்தியது. பங்குப் பள்ளிக்குப் பக்கத்து மைதானத்தில் ஆரம்பப் பள்ளிச் சிறுவன் ஆடத் தொடங்குவான். அடுத்த ஆண்டு அடுத்த வயதுப் பிரிவு. பிறகு கத்தோலிக்க உயர்நிலைப் பள்ளி அணி. கூடவே ஏதாவது ஒரு கடையின் கிளப் அணி. எட்டு வயதில் தொடங்கி ஆண்டுக்கு இருபது ஆட்டம் என்று வைத்தாலும், பதினெட்டு வயதில் அவன் இருநூறு ஆட்டம் ஆடியிருப்பான். ஏறக்குறைய ஒரே முகங்களோடும், ஒரே முகங்களுக்கு எதிராகவும். எதிரணியில் ஆடியவனையும் நன்றாகத்தானே படித்திருப்பான்! பல்கலைக்கழகத்தில் இருவரும் ஒரே சட்டை போடும்போது அந்தப் படிப்பு அப்படியே கூட்டணியாகிவிடும்.

இந்த நாற்றங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தவர்களில் ஒருவர் யார் தெரியுமா? பாப் கெல்கர்தான். பல்கலைக்கழகத்துக்கு வருவதற்கு முன்பே இளைஞர் மன்றத்தின் கால்பந்தை நடத்தியவர் அவர். எந்தப் பங்கில் எந்தப் பையன் இடக்காலால் அடிப்பான், எவன் தலையால் முட்டுவான் என்பதெல்லாம் அவருக்குப் பத்து ஆண்டுக்கு முன்பே தெரிந்துவிடும். மற்ற பயிற்சியாளர்கள் பதினெட்டு வயது இளைஞனை ஓரிரு ஆட்டம் பார்த்துத் தேர்ந்தெடுத்தார்கள். கெல்கர் அவனைப் பொடிப்பயலாக இருந்தபோதே பார்த்திருந்தார்.

பல்கலைக்கழகத்திலும் இடம் காலியாக இருந்தது. 1818இல் தொடங்கி, இயேசு சபைத் துறவிகள் நடத்திவந்த நிறுவனம் அது. அமெரிக்கன் ஃபுட்பாலில், அதாவது முட்டை வடிவப் பந்தைக் கையில் பிடித்து ஓடுகிற ஆட்டத்தில், அதற்குப் பழைய பெருமை உண்டு. அந்த விளையாட்டில் பந்தை முன்னோக்கி எறிவதை 1906இல் விதிகள் அனுமதித்தன. சட்டப்படி முதன்முதலாக அப்படி எறிந்தவர் இந்தப் பல்கலைக்கழகத்தின் பிராட்பரி ராபின்சன். ஆனால் 1949 பருவத்தோடு பல்கலைக்கழகம் அந்த விளையாட்டையே நிறுத்திவிட்டது. மற்ற ஊர்களில் இலையுதிர்காலம் முழுவதையும் விழுங்கிவிடுகிற பெரிய அண்ணன் இங்கே இல்லை. தம்பியான கால்பந்துக்கு வெளிச்சம் கிடைத்தது. அணியின் பெயர்கூட விளையாட்டான பெயர்தான்: பில்லிக்கன்ஸ். அதிர்ஷ்டம் தருவதாகச் சொல்லி 1908 வாக்கில் அமெரிக்கா முழுக்க விற்ற, குண்டுத் தொப்பையும் கள்ளச் சிரிப்புமாக உட்கார்ந்திருக்கும் பொம்மை அது. அதிர்ஷ்டத்தின் உதவி அவ்வளவாகத் தேவைப்படாத ஓர் அணிக்கு அதிர்ஷ்ட பொம்மையின் பெயர்!

1967இல் கெல்கர் விலகினார். அந்த இடத்துக்கு வந்தவர் தபால்காரர் ஹாரி கியோ. இங்கிலாந்தை வென்ற அணியின் தடுப்பாட்டக்காரர், கூட்டிஸ் அணிக்காரர். ஆள் மாறினாலும் ஊர் மாறவில்லை. கெல்கர் அறிந்த அதே பங்குகளைக் கியோவும் அறிந்திருந்தார். முதல் ஆண்டே இறுதியாட்டம். மிச்சிகன் ஸ்டேட் எதிரணி. மழை விடாமல் பெய்து ஆட்டத்தை நிறுத்தும்படி ஆனது, கோல் இல்லை. இரு அணிகளுக்கும் பொதுவாகக் கோப்பை கொடுத்தார்கள். அதன்பின் 1969, 1970, 1972, 1973 என்று நான்கு கோப்பைகள் யாரோடும் பங்கிடாமல். கடைசி மூன்றிலும் இறுதியில் தோற்றது ஒரே அணி, கலிஃபோர்னியாவின் யு.சி.எல்.ஏ. ஆண்டின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்குத் தரப்படும் ஹெர்மன் விருதை 1969, 1970 இரண்டு ஆண்டும் வாங்கியவர் செயின்ட் லூயிஸின் ஆல் ட்ராஸ்ட். 1971இல் அதே அணியின் மைக் சீரி. அந்த விருதுக்குப் பெயர் தந்த ராபர்ட் ஹெர்மனும் அதே ஊர்த் தொழிலதிபர்தான்.

ஒரு பூட்டுக்கு ஒரே சாவிதான் இருக்க வேண்டும் என்பதில்லை. இரண்டாவது சாவியைக் கண்டுபிடித்தது தலைநகர் வாஷிங்டனில் உள்ள, கறுப்பின மக்களின் புகழ்பெற்ற கல்விக்கூடமான ஹோவர்ட் பல்கலைக்கழகம். அதன் பயிற்சியாளர் லிங்கன் ஃபிலிப்ஸ், டிரினிடாட்டைச் சேர்ந்த முன்னாள் கோல்கீப்பர். டிரினிடாட், ஜமைக்கா போன்ற கரீபியத் தீவுகளிலிருந்தும் ஆப்பிரிக்காவிலிருந்தும் படிக்க வந்தவர்கள் அவருடைய அணி. இவர்களும் நாற்றங்காலில் வளர்ந்தவர்களே. அது கடல் கடந்து இருந்தது, அவ்வளவுதான். 1971இல் மயாமியில் ஹோவர்ட் 3-2 என்று செயின்ட் லூயிஸை வீழ்த்தியது. பிறகு, சில ஆட்டக்காரர்களுக்கு ஆடத் தகுதி இல்லை என்று என்.சி.ஏ.ஏ. அந்தப் பட்டத்தைப் பறித்தது. வழக்கு நடந்தது. அயல்நாட்டு மாணவர் பற்றிய விதி அரசியலமைப்புக்கு முரணானது என்று நீதிமன்றம் சொன்னது. கோப்பை மட்டும் திரும்பி வரவில்லை.

1974இல் ஹோவர்ட் மறுபடி வந்தது. 19 ஆட்டம், 19 வெற்றி. கடைசி ஆட்டம் செயின்ட் லூயிஸ் நகரத்திலேயே, அதே எதிரியோடு. வழக்கமான நேரத்தில் 1-1. கூடுதல் நேரம் ஒன்று, இரண்டு, மூன்று என்று போய் நான்காவதில் ஹோவர்டின் கோல். 2-1. பெரிய பிரிவின் தேசியப் பட்டத்தை ஒரு கறுப்பினப் பல்கலைக்கழகம் கையில் வைத்துக்கொண்டது அதுவே முதல்முறை. பில்லிக்கன்ஸ் அணிக்கு அதுவே கடைசி இறுதியாட்டம். அதன்பிறகு 1991இலும் 1997இலும் அரையிறுதி வரை வந்ததோடு சரி.

அடுத்த அடி பக்கத்து வீட்டிலிருந்து வந்தது. செயின்ட் லூயிஸை விட்டு விலகிய கெல்கர் வெகுதூரம் போய்விடவில்லை. மிசிசிப்பியைத் தாண்டினால் இல்லினாய் மாநிலம். அங்கே எட்வர்ட்ஸ்வில் நகரத்துப் பல்கலைக்கழகத்தில் ஓர் அணியைத் தொடங்கினார். அவருக்கு வேண்டிய நாற்று எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரியாதா? அதே பங்குகள், அதே பள்ளிகள். 1972இல் சிறிய பிரிவில் தேசியப் பட்டம். 1979இல் பெரிய பிரிவில், கிளெம்சனை 3-2 என்று வென்று பட்டம். குருவும் அவருக்குப் பின் வந்தவரும் ஆண்டுதோறும் ஒரு வெண்கலக் காலணிக்காக மோதினார்கள். 1980 அக்டோபரில் நடந்த ஆட்டத்தைப் பார்க்க பேஸ்பால் மைதானமான புஷ் ஸ்டேடியத்துக்கு வந்தவர்கள் 22,512 பேர். கல்லூரிக் கால்பந்தின் ஒரு சாதாரணப் பருவ ஆட்டத்துக்கு! ஊரின் ஆர்வம் குறையவே இல்லை. ஊரின் ஆட்டக்காரர்கள்தான் இரண்டு அணிகளுக்குப் பிரிந்துவிட்டார்கள்.

பிரிப்பது என்றால் பாதிப் பாதி என்று நினைத்துவிடக் கூடாது. இணைக் கணக்கு இங்கேயும் தன் குறும்பைக் காட்டுகிறது. ஒன்றாக வளர்ந்த பத்துப் பேருக்குள் 45 இணைகள். அவர்களை ஐந்து ஐந்தாக இரண்டு பல்கலைக்கழகங்களுக்குப் பிரித்தால் ஒவ்வொன்றுக்கும் கிடைப்பது பத்து இணைகள்தான். ஆள் பாதியானது, நூல் கால் பங்குக்கும் கீழே போனது. பிறகு மூன்றாவது, நான்காவது அணிகளும் வந்தன. இண்டியானா பல்கலைக்கழகத்தில் ஜெரி யேக்லி பத்து ஆண்டு கிளப் அணியாகவே நடத்தி, 1973இல்தான் அதிகாரபூர்வ அங்கீகாரம் பெற்றார். பெற்றபின் அவர் அணி 1982, 1983, 1988, 1998, 1999, 2003 என்று ஆறு பட்டங்கள் எடுத்தது. அவருக்குப் பின் 2004, 2012இல் மேலும் இரண்டு. எட்டுப் பட்டங்களோடு இன்று இரண்டாம் இடம். செயின்ட் லூயிஸில் வளர்ந்த பேட் நூனன் ஆடப் போனது இந்த இண்டியானாவுக்கு. அதே ஊரின் டெய்லர் ட்வெல்மன் போனது மேரிலண்டுக்கு. கலிஃபோர்னியா, டெக்சாஸ் என்று நாடெங்கும் சிறுவர் லீக்குகள் முளைத்தபின், ஒரு நகரத்திடம் மட்டும் இருந்த ரகசியம் ஊரறிந்த பாடமாகிவிட்டது.

ஆனாலும் நாற்றங்கால் வற்றிவிடவில்லை. விளைச்சல் எங்கே போகிறது என்பதுதான் மாறியது. 1990களின் தொடக்கத்தில் பில்லிக்கன்ஸ் சட்டை போட்ட பிரையன் மெக்பிரைட் 1998, 2002 இரு உலகக் கோப்பைகளிலும் அமெரிக்காவுக்காகக் கோல் அடித்தார். உள்ளூர்ப் பையன் டிம் ரீம் இங்கே நான்கு ஆண்டு ஆடிவிட்டு, 2022 கத்தார் உலகக் கோப்பையில் அமெரிக்காவின் நான்கு ஆட்டங்களிலும் இறங்கினார். போஸ்னியப் போரிலிருந்து தப்பியவர்கள் ஆயிரக்கணக்கில் செயின்ட் லூயிஸில் குடியேறினார்கள். அப்படி வந்த குடும்பத்தின் பையன் வேதாத் இபிஷேவிச், 2003இல் ஒரே ஒரு பருவம் இந்த அணியில் ஆடிவிட்டு ஐரோப்பா போனார். 2014இல் ரியோ நகரின் மரக்கானா மைதானத்தில், அர்ஜென்டினாவுக்கு எதிராக, போஸ்னியாவின் வரலாற்றிலேயே முதல் உலகக் கோப்பைக் கோலை அடித்தவர் அவர்தான். இத்தாலியக் குடியேறிகளுக்குச் செய்ததை அந்த ஊர் இரண்டு தலைமுறை கழித்து போஸ்னியர்களுக்கும் செய்தது.

2023இல் செயின்ட் லூயிஸுக்குத் தனக்கென ஒரு மேஜர் லீக் தொழில்முறை அணி கிடைத்தது. அதற்குச் சொந்தப் பயிற்சிப் பள்ளியும் இருக்கிறது. கெட்டிக்காரச் சிறுவர்கள் இனி பதினான்கு பதினைந்து வயதிலேயே அங்கே சேர்ந்து, சிலர் கல்லூரிப் பக்கமே வராமல் தொழில்முறை ஆட்டக்காரர்கள் ஆகிவிடக்கூடும். கல்லூரி அணி ஆண்டுதோறும் கலையும் நோய்க்கு அந்தப் பள்ளி வேறொரு மருந்து வைத்திருக்கிறது: பிள்ளைகளை விடவே விடாதே! ஆனால் பட்டம் வாங்கி வெளியே போகிறவர்களை வைத்துக்கொண்டே பதினாறு ஆண்டில் பத்துக் கோப்பை எடுப்பது எப்படி என்று கேட்டால், இன்றுவரை ஒரே ஒரு செய்முறைதான் வேலை செய்து காட்டப்பட்டிருக்கிறது. அதற்குப் பல்கலைக்கழகம் கால்பந்தைத் தொடங்குவதற்கு ஐம்பது ஆண்டு முன்பே ஊர் தொடங்கியிருக்க வேண்டும்.